ஆள்காட்டி வாய் திறந்த நண்பகல்

அந்தக் காலத்தில், எருமையும் மனிதனும் ஒரே மணலில் உட்கார்ந்து வழக்குப் பேசிய காலத்தில், ஏழூர் என்று ஒரு நாடு இருந்தது. பெயருக்கேற்றபடி ஏழே ஊர். நடுவில் ஒரு பெரிய கண்மாய். கஞ்சிப்பானையைச் சுற்றி உட்கார்ந்த பிள்ளைகளைப் போல அந்தக் கண்மாயைச் சுற்றி ஏழு ஊரும் இருந்தன.

ஏழூருக்கு ராஜா கிடையாது. "எங்களுக்கு எதுக்கு ராஜா?" என்று வெளியூர்க்காரர்களிடம் நீட்டி முழக்குவார்கள். கொஞ்சம் பெருமை பிடித்த சனம்தான். ஆனால் பெருமைப்பட அவர்களிடம் சரக்கு இருந்தது. எந்தக் காரியமானாலும் கூட்டம் கூடித்தான் முடிவெடுப்பார்கள். கூட்டம் என்றால் மனிதர்கள் மட்டும் இல்லை. ஆடு, மாடு, தவளை, காகம், பாம்பு, நண்டு எல்லாருக்கும் அதில் இடம் உண்டு. கூட்டத்து வட்டத்துக்குள் யாரும் யாரையும் கடிக்கக் கூடாது, கொத்தக் கூடாது. வட்டத்தைத் தாண்டிவிட்டால் அவரவர் வயிறு, அவரவர் பாடு.

கூட்டம் கூடுவது உச்சிப்பொழுதில், கண்மாய்க் கரைக்கு மேலே, மரமே இல்லாத ஒரு பொட்டலில். மண்டை காயும். ஆனாலும் அந்த நேரத்தை அவர்கள் மாற்றியதே இல்லை. காலையில் கூடினால் நெட்டையன் நிழல் குட்டையன்மேல் விழும், எருமையின் நிழலில் தவளை காணாமலே போகும் என்பார்கள். உச்சியில் அவரவர் நிழல் அவரவர் காலடிக்குள் அடங்கிவிடும். யார் நிழலும் யார்மேலும் விழாத நேரத்தில் எடுப்பதுதான் நியாயமான முடிவு என்பது அவர்கள் கொள்கை. வெயிலுக்குப் பயந்து யாரும் வளவளவென்று இழுக்க மாட்டார்கள் என்பது கூடுதல் வசதி.

ஒருவர் வாய் இன்னொருவருக்காகப் பேசக் கூடாது என்றும் வைத்திருந்தார்கள். முன்னொரு காலத்தில் ஒரு செம்மறிக்கிடா, "என் மந்தை முழுக்க என் பக்கம்" என்று சொல்லிச் சொல்லியே ஆறு வருசம் நல்ல புல்லையெல்லாம் தானே மேய்ந்துவிட்டது. மந்தையைக் கேட்டபோதுதான், அதற்கு ஒன்றுமே தெரியாது என்பது வெளியில் வந்தது. அந்தச் சூடு கண்ட பிறகு வந்த கட்டுப்பாடு அது.

ஒரு காரியத்தை மூன்று நண்பகல் தொடர்ந்து கேட்பார்கள். "வேண்டாம் என்பவர் உண்டா?" என்று கூட்டத்துத் தலைவி குரல் கொடுப்பாள். வேண்டாம் என்று ஒரே ஒரு எறும்பு சொன்னாலும் காரியம் நிற்கும். பேசித் தீர்த்த பிறகுதான் நகரும். யாரும் வாய் திறக்கவில்லை என்றால், மூன்றாம் நண்பகலில் வேலங்குச்சியால் மணலில் ஒரு கோடு கிழிப்பாள். கோடு விழுந்தால் விழுந்ததுதான், அதை அழிக்க யாருக்கும் உரிமை இல்லை. பேசாதவர் எல்லாரும் சம்மதித்தவர்கள் என்று கணக்கு. வாயுள்ள பிள்ளை பிழைக்கும் என்பது அவர்களுக்கு வெறும் பழமொழி இல்லை, சட்டம்.

இப்படி இருந்த ஏழூரில் இரண்டு வருசம் மழை பொய்த்தது. கண்மாய் வற்றி, சேறு காய்ந்து, பாளம் பாளமாக வெடித்துக் கிடந்தது. மடைக்குப் பக்கத்தில் ஒரு ஊற்றுக் குழியில் மட்டும் முழங்கால் அளவு கலங்கல் தண்ணீர் இருந்தது. அதைத்தான் ஏழு ஊரும் முறை வைத்துக் குடித்தன.

ஒருநாள் மேற்கேயிருந்து ஒரு கொக்கு பறந்து வந்து சேதி சொன்னது. மலையில் மழை கொட்டுகிறதாம். ஆற்றில் வெள்ளம் கிளம்பிவிட்டதாம். மூன்றாம் நாள் ஏழூர் எல்லையைத் தொடுமாம்.

"தொட்டா எத்தனை நாள் ஓடும்?" என்று கேட்டாள் தலைவி.

"ரெண்டு நாள். மிஞ்சிப்போனா மூணு."

தலைவியின் பெயர் மாயக்காள். ஐம்பது வயதுக்காரி, நெடுநெடுவென்ற உருவம், கரையில் நின்று கூப்பிட்டால் எதிர்க்கரையில் மாடு திரும்பிப் பார்க்கும் குரல். ஏழூரிலேயே நெஞ்சில் வஞ்சகம் இல்லாதவள் என்று பெயர் எடுத்தவள். அந்தக் கோடையில் அவள் வீட்டுக் கன்றுகள் இரண்டு தாகத்திலேயே செத்திருந்தன. அவள் அதைப் பற்றி யாரிடமும் பேசவில்லை.

அன்றைக்கே கூட்டம் கூடியது. ஆற்றுத் தண்ணீர் வந்ததும், அதைக் கொண்டுவரும் வாய்க்காலான வரத்துக்காலின் மடையைத் திறந்து கண்மாயை நிரப்ப வேண்டும். இதற்கு யார் வேண்டாம் என்பார்கள்? தவளைகள் குதித்த குதியில் பாம்புக்கே சிரிப்பு வந்துவிட்டது. மாயக்காள் முறைப்படி கேட்டாள். பதில் இல்லை. மறுநாள் நண்பகலும் கேட்டாள். பதில் இல்லை. இன்னும் ஒரு நண்பகல்தான் பாக்கி.

அந்த இரண்டாம் நாள் பொழுது சாயும் நேரத்தில், நீர்ப்பாய்ச்சி கொம்பையா மண்வெட்டியைத் தோளில் போட்டுக்கொண்டு கண்மாய்க்குள் இறங்கினான். மடையைத் திறப்பதும் அடைப்பதும் தண்ணீர் போகும் வழியைச் சரிசெய்வதும் அவன் வேலை. நாளைக்கு வரும் வெள்ளம் எங்கே பாயும், எங்கே அரிக்கும் என்று கணக்குப் போட்டுக்கொண்டே நடந்தான். நடுக் கண்மாயில் ஓர் அடி எடுத்து வைக்கப்போனான். காலுக்குக் கீழே இரண்டு சிறகு விரிந்தது.

தூக்கிய காலை அப்படியே நிறுத்தினான். ஒரு பறவை. பழுப்பு முதுகு, நீண்ட மஞ்சள் கால். சத்தமே போடாமல், சிறகை மட்டும் விரித்து அவன் பாதத்துக்கு முன்னால் நின்றது. அதற்குப் பின்னால் தரையில் நான்கு முட்டைகள். சேற்றின் நிறத்திலேயே புள்ளி போட்ட முட்டைகள். முனைகள் நான்கும் உள்பக்கம் பார்த்து ஒன்றையொன்று தொட்டுக்கொண்டிருந்தன. கூடு என்று சொல்ல நாலு பொடிக்கல்லைத் தவிர ஒன்றும் இல்லை.

ஏழூரில் அதை ஊமைக்குருவி என்பார்கள். அது வாய் திறந்து யாரும் கேட்டதில்லை. அதில் அதிசயம் இல்லை. மரத்தில் கூடு கட்டுகிற பறவை கூவலாம், பாடலாம். வெட்டவெளித் தரையில் முட்டையிடுகிற பறவைக்கு மறைவதற்குச் சத்தமின்மையைத் தவிர வேறு என்ன இருக்கிறது? நுணலும் தன் வாயால் கெடும் என்று அதன் குலத்தில் குஞ்சு பொரித்த அன்றே சொல்லிக் கொடுத்துவிடுவார்கள்.

"தாயி, நீ என்ன இங்க உக்காந்திருக்க?" என்றான் கொம்பையா. "நாளைக்கு இங்க ரெண்டு ஆள் தண்ணி நிக்குமே!"

பறவை மிக மெல்லிய குரலில் கேட்டது. "யாரு சொன்னா?"

"கூட்டம் கிட்டத்தட்ட முடிவு பண்ணியிருச்சு. நீயுந்தான் சம்மதிச்ச."

"நானா? எப்ப?"

"நேத்தும் இன்னைக்கும் கேட்டாங்கல்ல? நீ ஒண்ணும் பேசலயே."

"நான் அங்க இல்லவே இல்லயே அண்ணே."

கொம்பையா குனிந்து முட்டைகளைப் பார்த்தான். "எத்தன நாள்ல பொரிக்கும்?" என்று கேட்டான்.

"ஆறு நாள்."

"நான் துண்டுல ஏந்தி கரைல கொண்டு வச்சிரட்டா?"

"இடம் மாறினா எனக்கு அது முட்டையாத் தெரியாதுண்ணே, கல்லாத்தான் தெரியும். எங்க பிறப்பு அப்படி."

"அப்ப நாளைக்கு உச்சிக்குக் கூட்டத்துக்கு வா. வந்து வேண்டாம்னு சொல்லு. நீ ஒருத்தி சொன்னாப் போதும்."

பறவை முட்டைகளைத் திரும்பிப் பார்த்தது. "காலைல வரலாம். சாயங்காலம் வரலாம். உச்சில எப்படி வருவேன்? இந்தத் தரை அப்ப கொதிக்கும். ஊத்துக்குழில வயித்த நனைச்சுட்டு ஓடிவந்து, முட்டைக்கு மேல நின்னு நிழல் குடுக்கணும். அதுக்கு மேல கொஞ்ச நேரம் நகந்தாலும் நாலும் வெந்துரும். உங்களுக்கு யார் நிழலும் யார்மேலயும் விழக் கூடாத நேரம் அது. என் நிழல் விழுந்தே ஆக வேண்டிய நேரம் எனக்கு."

கொம்பையா மண்வெட்டியை ஊன்றிச் சுற்றுமுற்றும் பார்த்தான். அந்தக் கண்மாயில் இருபது வருசம் தண்ணீர் பாய்ச்சியவன் அவன். உச்சிப்பொழுதில் அதன் நடுவில் ஒருநாள்கூட நின்றதில்லை என்பது அப்போதுதான் அவனுக்கு உறைத்தது.

நேராக மாயக்காள் வீட்டுக்குப் போனான். அவள் கன்றுகள் இல்லாத தொழுவத்தைப் பெருக்கிக்கொண்டிருந்தாள். அவன் சொன்னதையெல்லாம் விளக்குமாற்றைக் கீழே போடாமலே கேட்டாள்.

"நீ சொல்றது ஞாயமாவே இருக்கட்டும் தம்பி. ஆனா அவ வாயா உன் வாய்? இன்னைக்கு நீ ஒரு குருவிக்காகப் பேசுவ. நாளைக்கு ஒரு கிடா மந்தைக்காகப் பேசும். மறுபடியும் மொதல்லருந்தா?"

"அக்கா, அவளால வர முடியாது."

"மூணு நாள் கேக்குறோம். எறும்பு வருது, நத்த வருது. ஆத்துத் தண்ணி ஆறு நாள் நிக்குமா, சொல்லு? இந்தத் தடவ விட்டா அடுத்த வருசம் கேக்குறதுக்குக் கூட்டமே இருக்காது." கட்டுத்தறியைப் பார்த்தாள். "வேண்டாம்னா அவளே சொல்லட்டும். என் காதுல விழணும். விழுந்துட்டா நான் கோடு போட மாட்டேன். என் வீட்டு மாடு அத்தனையும் செத்தாலும் போட மாட்டேன்."

சொன்னால் செய்கிறவள் என்று அவனுக்குத் தெரியும். கருக்கலுக்கு முன்னால் திரும்பக் கண்மாய்க்கு ஓடினான். "நீ வர வேண்டாம் தாயி. இருந்த இடத்துலருந்தே கத்து. காத்து கரைப்பக்கம்தான் அடிக்குது. கேக்கும்."

"கத்தினா காக்கைக்கும் கேக்குமே அண்ணே."

கொம்பையா தலையைக் குனிந்துகொண்டான். "கேக்கும். கத்துன்னும் சொல்ல மாட்டேன், கத்தாதன்னும் சொல்ல மாட்டேன். உன் முட்ட, உன் வாய்."

மூன்றாம் நாள் விடிந்தபோதே மேற்கே ஆற்றின் இரைச்சல் கேட்டது. செம்மண் நிறத்தில் நுரைத்துக்கொண்டு வந்த வெள்ளம் வரத்துக்கால் மடையில் வந்து முட்டியது. ஏழு ஊரும் திரண்டுவிட்டது. உச்சி வந்தது. நிழல்கள் காலடிக்குள் அடங்கின. கொம்பையா மடைமேல் நின்றான். மாயக்காள் வேலங்குச்சியுடன் நடுவில் நின்றாள்.

"மடையத் திறக்க வேண்டாம் என்பவர் உண்டா?"

ஒருவரும் பேசவில்லை. மாயக்காள் வழக்கத்தைவிட அதிக நேரம் காத்திருந்தாள். தவளைகள் முணுமுணுத்தன. அவள் குனிந்து குச்சியை மணலில் வைத்தாள்.

நடுக் கண்மாயில் அந்தப் பறவை நான்கு முட்டைக்கும் மேலே சிறகை விரித்து நின்றது. மாயக்காளின் கேள்வி அதன் காதில் விழுந்தது. வாயை மூடிக்கொண்டிருந்தால் இன்று காகம் வராது, தண்ணீர் வரும். வாயைத் திறந்தால் தண்ணீர் நிற்கலாம், காகம் வந்தே தீரும். தன் அம்மா சொல்லிக் கொடுத்ததும் அம்மாவின் அம்மா சொல்லிக் கொடுத்ததும் எல்லாம் அதற்குக் குறுக்கே வந்து நின்றன. அதையெல்லாம் தள்ளிவிட்டு அது வாயைத் திறந்தது.

"வேண்டாம்! நான் இருக்கேன்! நான் இங்க இருக்கேன்!"

பழகாத தொண்டை. குரல் கீச்சென்று உடைந்து, உடைந்தபடியே உயர்ந்து, வெடித்த தரையெல்லாம் தாண்டிக் கரையில் வந்து மோதியது. கூட்டத்தில் யாருக்கும் அது யார் குரல் என்று தெரியவில்லை. அப்படி ஒரு குரலை அவர்கள் கேட்டதே இல்லை. மாயக்காள் குச்சியை எடுத்து இரண்டாக ஒடித்து எறிந்தாள்.

"கோடு இல்ல! மடையத் தொடாத!" என்று கொம்பையாவைப் பார்த்துக் கத்திவிட்டுக் கண்மாய்க்குள் இறங்கி ஓடினாள்.

ஆனால் காகத்துக்குச் சிறகு இருக்கிறதே. அது வட்டத்தை விட்டு எப்போது கிளம்பியது என்று யாரும் கவனிக்கவில்லை. காகத்தைக் குற்றம் சொல்லிப் பயனில்லை, அதன் கூட்டிலும் குஞ்சுகள் பசியோடு இருந்தன. அது நேராக இறங்கி ஒரு முட்டையைக் கவ்வியது. பறவை துரத்திப் பறந்திருக்கலாம். துரத்தினால் மிச்சம் மூன்றும் வெயிலில் வெந்துவிடும். அதனால் நின்ற இடத்தை விட்டு நகராமல், காகம் போன திசையைப் பார்த்தபடி, கத்துவதை மட்டும் நிறுத்தாமல் நின்றது.

மாயக்காள் பாதி வழியிலேயே நொண்ட ஆரம்பித்தாள். தரை அப்படிச் சுட்டது. பின்னால் வந்தவர்களும் காலை மாற்றி மாற்றி வைத்துக்கொண்டு தாண்டித் தாண்டி வந்தார்கள். எருமையே "ஐயோ" என்றது. ஏழூர்க் கூட்டம் அந்த இடத்தில், அந்த நேரத்தில் நின்றது அதுதான் முதல் தடவை.

மாயக்காள் கூட்டைப் பார்த்தாள். மூன்று முட்டைகள் முனையை உள்ளே வைத்து நெருங்கிக் கிடந்தன. நான்காவது இருந்த இடம் காலியாக இருந்தது. இரண்டு கன்றுகள் செத்தபோது அழாதவள் அங்கே நின்று அழுதாள்.

"மூணு நாள் கேட்டேன்னு பெருமையா இருந்தேன் தாயி. எங்க நின்னு கேட்டேன்னு யோசிக்கல."

"எனக்கும் தாகந்தான் ஆத்தா," என்றது பறவை. "தண்ணியே வேண்டாம்னு நான் சொல்லல. ஆறு நாள் குடுங்க."

"நான் குடுப்பேன். ஓடுற ஆறு குடுக்காதே!"

கூட்டம் அங்கேயே உட்கார்ந்தது. உட்கார முடியாமல் எழுந்தது, மறுபடி உட்கார்ந்தது. ஆளுக்கொன்று சொன்னார்கள். ஒருவர் ஆற்றை மறிக்கலாம் என்றார்; ஆற்றை மறிக்க முடிந்திருந்தால் அவர் எதற்கு இரண்டு வருசம் கலங்கலைக் குடித்தார் என்று யாரும் கேட்கவில்லை. ஒரு தவளை, மூன்று முட்டைதானே என்று ஆரம்பித்தது. எருமை திரும்பிப் பார்த்த பார்வையில் வாக்கியத்தை முடிக்காமலே விழுங்கிவிட்டது.

கடைசியில் வளையிலிருந்து எட்டிப் பார்த்த நண்டுதான் பேசியது. "கண்மாய் நெறையணும், கூடு நனையக் கூடாது. அவ்வளவுதான? இதச் சுத்தி வட்டமா ஒரு வரப்பு போட்டா என்ன?"

மாயக்காள் பறவையிடம் குனிந்தாள். "நீ சொல்லு. வேண்டாமா?"

"தள்ளிப் போடுங்க. மிதிச்சுடாதீங்க," என்றது பறவை.

காய்ந்த மண்ணில் வரப்புப் போட்டால் தண்ணீர் தொட்டதும் கரைந்துவிடும் என்று கொம்பையாவுக்குத் தெரியும். கூட்டத்தைக் கேட்டுக்கொண்டு, மடையை நாலு விரல் அளவுக்கு மட்டும் தூக்கிவிட்டான். மெல்லிய நீர்ச்சரடு ஒன்று நெளிந்து நெளிந்து நடுக் கண்மாய்க்கு வந்தது. அதில் மண்ணை நனைத்தார்கள். எருமைகள் மிதித்துக் குழைத்தன. ஏழு ஊரும் கூடை சுமந்தது. ஆட்டுக்குட்டிகள்கூடக் கொம்பு முளைக்காத நெற்றியால் மண்ணை முட்டித் தள்ளின. ஊர் கூடித் தேர் இழுத்தது போல இழுத்து, பொழுது விழுவதற்குள் கூட்டைச் சுற்றி இரண்டு ஆள் உயரத்துக்கு ஒரு மண்வளையம் எழுந்துவிட்டது. கூட்டுக்கு மிக அருகில் வேலை செய்தவர்கள், கொதிக்கிற தரையில் தங்கள் நிழல் முட்டைகள்மேல் விழும்படி பார்த்து நின்றுகொண்டார்கள். யாரும் அவர்களிடம் சொல்லவில்லை.

அந்தி மயங்கும் நேரத்தில் கொம்பையா மடையை முழுக்கத் திறந்தான். வெள்ளம் இரைந்துகொண்டு வந்து வளையத்தில் மோதி, பிளந்து, சுற்றிக்கொண்டு போனது. வளையம் நின்றது.

ஆறு நாளும் கொம்பையா வரப்பின்மேலேயே இருந்தான். கசிந்த இடத்தில் கோரைப் புல்லைத் திணித்து மண் அப்பினான். ஏழாம் நாள் காலையில் மூன்று முட்டையும் பொரிந்தன. எருமை நீந்திப் போய் வரப்பை ஒட்டி மிதந்தது. கொம்பையா மூன்று குஞ்சுகளையும் அதன் முதுகில் ஏற்றிவிட்டான். தாய்ப்பறவை மேலே பறந்தபடி, கரையில் வேடிக்கை பார்க்க வந்த அத்தனை பேரையும் திட்டிக்கொண்டே வந்தது. நல்லவரா கெட்டவரா என்று அது பார்க்கவில்லை. திறந்த வாயை அது மூடவே இல்லை.

அன்று உச்சியில் மாயக்காள் கூட்டத்தின் நடுவில் நின்று சொன்னாள். "பேசாதவங்க சம்மதிச்சவங்கன்னு நாம சொல்லிக்கிட்டிருந்தோம். தப்பு. பேசாதவங்க இன்னும் கேக்கப்படாதவங்க. இனிமே எந்தக் காரியமானாலும், அதுனால யாருக்கு நட்டமோ அவங்க இருக்குற எடத்துக்குப் போயி, அவங்களுக்கு ஒழிஞ்ச நேரத்துல உக்காந்து பேசுவோம். கால் சுட்டாலும் சரி. வேண்டாம் என்பவர் உண்டா?"

யாரும் பேசவில்லை. மாயக்காள் கோடு போடவில்லை. முதலில் காகத்தின் மரத்தடிக்குப் போனாள், பிறகு நண்டின் வளைக்கு, பிறகு பாம்புப் புற்றுக்கு. ஏழூரில் ஒரு பொந்து விடாமல் கேட்டு முடிக்க அவளுக்கு ஒரு மாசம் ஆனது. அதற்கப்புறம்தான் மணலில் கோடு விழுந்தது.

ஊமைக்குருவி என்ற பெயரை ஏழூரார் அன்றோடு விட்டுவிட்டு, ஆள்காட்டி என்று அழைக்கத் தொடங்கினார்கள். ஏழூரும் போய், அந்தக் கண்மாயும் தூர்ந்து எத்தனையோ காலம் ஆகிவிட்டது. ஆள் வருவதைக் கத்திக் காட்டிக்கொடுக்கிறதென்று வேட்டைக்குப் போகிறவர்கள் இன்றைக்கும் அந்தப் பறவையைத் திட்டுகிறார்கள். திட்டட்டும். பேசாமல் இருந்தால் ஒரு கண்மாய்த் தண்ணீர், பேசினால் ஒரு முட்டை என்று இரண்டு விலையையும் அது பார்த்துவிட்டது, பார்த்த பிறகு ஒன்றைத் தேர்ந்துகொண்டது. அன்று முதல்தான், வெட்டவெளியில் யார் காலடி கேட்டாலும், பகலென்றும் இரவென்றும் பாராமல், நான் இங்கே இருக்கிறேன் என்று ஆள்காட்டி கத்துகிறது. அந்தச் சத்தம் கேட்டவர்களும் எடுத்த காலை அப்படியே நிறுத்தி, ஒருமுறை கீழே பார்த்துவிட்டுத்தான் அடுத்த அடி வைக்கிறார்கள்.